‘ஸ்டேஷனுக்கு வந்துட்டுப் போங்க’: சொந்தத் தகராறில் போலீஸ் தொந்தரவும் மதுரைக் கிளையில் கேட்கும் பாதுகாப்பும் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வரப்பை நகர்த்திவிட்டார், வண்டிப்பாதையை மறித்துவிட்டார், சீட்டுப் பணம் வரவில்லை, கைமாற்று திரும்பவில்லை, கடையைக் காலி செய்யவில்லை, பாகம் பிரித்துத் தரவில்லை. மதுரையிலும் மேலூர், உசிலம்பட்டி, திருமங்கலம், வாடிப்பட்டிப் பக்கங்களிலும் தகராறு பெரும்பாலும் இப்படித்தான் தொடங்கும். இவற்றைத் தீர்க்க வேண்டிய இடம் சிவில் கோர்ட். அங்கே போனால் வருஷக்கணக்கில் இழுக்கும் என்று எதிராளி காவல் நிலையத்தில் ஒரு மனுவைக் கொடுத்துவிடுகிறார். அதற்குப் பிறகு போன் வரத் தொடங்குகிறது. அந்தப் போனுக்குப் பயந்து வேலைக்குப் போகாமல், சொந்த வீட்டில் படுக்காமல் அலைகிறவர்கள் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் வழக்கு நடத்தும் எங்களைப் போன்ற வழக்கறிஞர்களிடம் கேட்கும் கேள்விகளுக்கு இங்கே பதில் எழுதியிருக்கிறேன்.

பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதா நடைமுறையில் இருக்கிறது. சுருக்கமாக பி.என்.எஸ்.எஸ். பிரிவு எண்களை அதன்படியே தருகிறேன். கோர்ட் வளாகத்தில் இன்னும் பலர் பழைய எண்ணையே சொல்வதால், தேவைப்படும் இடத்தில் அதையும் சேர்த்திருக்கிறேன்.

கடன் வாங்கினேன், திருப்பிக் கொடுக்க முடியவில்லை. இதில் போலீசுக்கு என்ன வேலை?

கடனைத் திருப்பிக் கொடுக்காதது மட்டுமே குற்றம் ஆகாது. கொடுத்தவர் சிவில் கோர்ட்டில் பண வசூல் வழக்குப் போடலாம். அதற்குப் பொதுவாக மூன்று வருடக் காலக்கெடு. காசோலை திரும்பியிருந்தால் மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138-வது பிரிவில் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் அவரே நேரடியாகப் புகார் தாக்கல் செய்ய வேண்டும். வங்கியின் தகவல் கிடைத்த 30 நாளுக்குள் நோட்டீஸ், நோட்டீஸ் கிடைத்தபின் பணம் கட்ட 15 நாள், அதிலும் கட்டவில்லை என்றால் ஒரு மாதத்துக்குள் புகார். இந்த வழியில் எங்கேயும் காவல் நிலையம் வருவதில்லை.

‘மோசடி’ என்று ஒரு சொல்லை மனுவில் சேர்த்துவிட்டால் விஷயம் மாறிவிடும் என்று பலர் நினைக்கிறார்கள். பணம் வாங்கும் அந்த நேரத்திலேயே ஏமாற்றும் எண்ணம் இருந்தால்தான் மோசடிக் குற்றம். பின்னால் வியாபாரம் நொடித்துப் பணம் கட்ட முடியாமல் போனால் அது ஒப்பந்த மீறல். இந்த வேறுபாட்டை உச்ச நீதிமன்றம் 2000-ல் ஹிருதய ரஞ்சன் பிரசாத் வர்மா வழக்கில் தெளிவாகச் சொன்னது. சிவில் தகராறுகளைக் கிரிமினல் வழக்காக மாற்றி எதிராளியை நெருக்கும் போக்கு வளர்ந்து வருவதை 2006-ல் இந்தியன் ஆயில் வழக்கில் கண்டித்தது. அப்படியும் ஒவ்வொரு வாரமும் இதே கதையோடு ஆட்கள் வந்துகொண்டுதான் இருக்கிறார்கள்.

உண்மையான குற்றம் இருந்தால் போலீஸ் விசாரிக்கத்தான் வேண்டும். போலி ஆவணம் தயாரித்தார், ஒரே மனையை இருவருக்கு விற்றார், ஆள் வைத்து அடித்தார் என்றால் அதைச் சிவில் தகராறு என்று சொல்லி யாரும் தப்பித்துவிட முடியாது.

போன் பண்ணி ‘உடனே ஸ்டேஷனுக்கு வா’ங்கிறாங்க. போய்த்தான் ஆகணுமா?

போன் அழைப்பு சம்மன் ஆகாது. ஒருவரை விசாரணைக்கு வரச் சொல்ல பி.என்.எஸ்.எஸ். 179-வது பிரிவு, பழைய 160, எழுத்துமூலமான உத்தரவைக் கேட்கிறது. அதுவும் அந்தக் காவல் நிலைய எல்லைக்குள்ளோ, அடுத்த நிலைய எல்லைக்குள்ளோ இருப்பவரைத்தான் அப்படி அழைக்கலாம். இந்த அதிகாரம் புலன்விசாரணைக்காகக் கொடுக்கப்பட்டது. வெறும் மனுவின் பேரில் நடக்கும் விசாரணையிலும் எழுத்துமூலம் அழைக்கும் அதே முறையைக் கடைப்பிடிக்க வேண்டும் என்றுதான் சென்னை உயர் நீதிமன்றம் பல உத்தரவுகளில் சொல்லி வருகிறது.

நீங்களே குற்றம் சாட்டப்பட்டவராக இருந்து, உடனடியாகக் கைது தேவையில்லாத வழக்கு என்றால் 35(3)-ன் கீழ் நோட்டீஸ் வர வேண்டும். பலருக்கு நினைவில் இருக்கும் பழைய ‘41-ஏ நோட்டீஸ்’ இதுதான். இந்த நோட்டீஸை வாட்ஸ்அப்பில் அனுப்பினால் செல்லாது என்று உச்ச நீதிமன்றம் 2025 ஜனவரியில் சொல்லியிருக்கிறது.

சட்டம் இப்படி இருந்தாலும் நடைமுறையில் போனை எடுக்காமல் சுவிட்ச் ஆஃப் செய்துவிட்டு ஒளிவதை நான் யாருக்கும் சொல்வதில்லை. ‘ஆள் தலைமறைவு’ என்று எழுத அதுவே வசதி செய்து கொடுக்கும். போனை எடுங்கள். அழைத்தவரின் பெயர், பதவி, எந்த நிலையம், யார் கொடுத்த மனு, மனு எண் என்ன என்று கேட்டுத் தேதியோடு எழுதி வையுங்கள். பிறகு, ‘ஐயா, சம்மன் அனுப்புங்க, அதுல சொல்ற தேதிக்குக் கட்டாயம் வர்றேன்’ என்று மரியாதையாகச் சொல்லுங்கள். குரல் உயர்த்த வேண்டாம், சட்டம் பேசி வம்பு வளர்க்கவும் வேண்டாம். அன்றைக்கே அதே விஷயத்தை ஒரு கடிதமாக எழுதி ஆய்வாளருக்கு விரைவு அஞ்சலில் அனுப்பி ரசீதை வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் மனு போடும்போது உங்கள் கையில் இருக்கும் முதல் ஆதாரம் அந்த ரசீதுதான்.

நான் கிடைக்கலைன்னு வீட்டுப் பெண்களையும் அப்பாவையும் வரச் சொல்றாங்களே?

இது சட்டத்துக்கு நேர்விரோதம். 179-வது பிரிவின்படி பெண்கள், 60 வயதைத் தாண்டிய ஆண்கள், 15 வயதுக்குக் குறைந்த பையன்கள், உடல் அல்லது மனக் குறைபாடு உள்ளவர்கள், கடுமையாக நோயுற்றவர்கள் ஆகியோரை அவர்கள் குடியிருக்கும் இடத்தைத் தவிர வேறு எங்கும் வரச் சொல்லக் கூடாது. கேட்க வேண்டியதை வீட்டுக்கு வந்து கேட்க வேண்டும். அவர்களாக விருப்பப்பட்டு நிலையத்துக்கு வந்தால்தான் விதிவிலக்கு. பழைய சட்டத்தில் 65 ஆக இருந்த வயது வரம்பு இப்போது 60.

அழைக்கக் கூடாது என்று சட்டம் சொல்லும் ஒருவரைத் தெரிந்தே வரச் சொல்லும் அரசு ஊழியருக்கு பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்தின் இடத்தில் வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 199-வது பிரிவில் ஆறு மாதம் முதல் இரண்டு வருடம் வரை கடுங்காவல் தண்டனை இருக்கிறது. இப்படி ஒரு பிரிவு இருப்பதே நம் ஆட்களுக்குத் தெரியாது. எந்தப் பாவமும் அறியாத ஒரு தாய் மகனின் கடனுக்காக இரவு ஒன்பது மணி வரை நிலையத்துத் திண்ணையில் உட்கார வைக்கப்படுவது எனக்கு இன்றும் பொறுத்துக்கொள்ள முடியாத காட்சி. அப்படி நடந்தால் உடனே மாவட்டக் கண்காணிப்பாளருக்கு, மாநகரம் என்றால் ஆணையருக்கு, எழுத்தில் புகார் போக வேண்டும்.

பெண்ணைக் கைது செய்வதே ஆனாலும் சூரியன் மறைந்தபின், உதிக்கும்முன் கூடாது. விதிவிலக்கான நிலைமையில் பெண் அதிகாரி, மாஜிஸ்திரேட்டின் முன் அனுமதியோடுதான் செய்ய வேண்டும்.

சி.எஸ்.ஆர். போட்டிருக்காங்களாம். அது வழக்கா?

இல்லை. மனு வந்தது என்பதற்கான ரசீதுதான் அது. எஃப்.ஐ.ஆர். பதிவானால்தான் வழக்கு. சி.எஸ்.ஆரின் நிலையையும் எஃப்.ஐ.ஆர். நகலையும் தமிழ்நாடு காவல்துறையின் இணைய சேவையில் பார்க்கலாம். பாலியல் குற்றம் போன்ற சில வகை வழக்குகளின் எஃப்.ஐ.ஆர். மட்டும் பொதுவில் இருக்காது.

சி.எஸ்.ஆர். கட்டத்திலேயே மாதக்கணக்கில் அலைக்கழிப்பதுதான் தொந்தரவின் வழக்கமான வடிவம். எஃப்.ஐ.ஆர். போட்டுவிட்டால் கோர்ட்டுக்குப் பதில் சொல்ல வேண்டும். போடாமல் கூப்பிட்டுக்கொண்டே இருந்தால் யாருக்கும் பதில் சொல்ல வேண்டியதில்லை. இதற்குக் கடிவாளம் இருக்கிறது. 2013 நவம்பர் 12-ல் லலிதா குமாரி வழக்கில் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு, வாரண்ட் இல்லாமல் கைது செய்யத்தக்க குற்றம் என்று புகாரிலேயே தெரிந்தால் எஃப்.ஐ.ஆர். கட்டாயம் என்றது. குடும்பத் தகராறு, வணிகத் தகராறு போன்றவற்றில் முதல்கட்ட விசாரணை நடத்தலாம், அதையும் குறித்த காலத்துக்குள் முடிக்க வேண்டும் என்றது. இப்போது பி.என்.எஸ்.எஸ். 173(3)-ன்படி மூன்று வருடத்திலிருந்து ஏழு வருடத்துக்குக் குறைவான தண்டனை உள்ள குற்றங்களில், டி.எஸ்.பி. அனுமதியோடு, 14 நாளுக்குள் அந்த விசாரணையை முடிக்க வேண்டும். முடித்தபின் ஒன்று வழக்குப் பதிவு, இல்லையென்றால் மனுவை முடித்துவைப்பது. நாலு மாதமாக ‘விசாரணை நடந்துக்கிட்டு இருக்கு’ என்று சொல்ல இடமில்லை.

‘ரெண்டு மாசத்துல பணம் கட்டுறேன்’னு ஸ்டேஷன்ல எழுதி வாங்கிட்டாங்க. அது செல்லுமா?

காவல் நிலையம் பணம் வசூலிக்கும் இடமும் இல்லை, பத்திரம் எழுதும் இடமும் இல்லை. மிரட்டியோ பலவந்தமாகவோ வாங்கிய ஒப்புதல் ஒப்பந்தச் சட்டப்படி உங்கள் விருப்பத்தின் பேரில் ரத்தாகக்கூடியது. போலீசிடம் கொடுத்த குற்ற ஒப்புதல் வாக்குமூலத்தை உங்களுக்கு எதிராக நிரூபிக்க முடியாது. புலன்விசாரணையில் பதிவாகும் வாக்குமூலத்தில் கையெழுத்து வாங்கவே கூடாது என்று பி.என்.எஸ்.எஸ். 181 சொல்கிறது.

ஆனால் சும்மா இருந்துவிட்டால் இவற்றால் பலன் இல்லை. எழுதிக் கொடுத்த மறுநாளே, அதை எந்தச் சூழ்நிலையில் எழுதினீர்கள், எத்தனை மணி நேரம் உட்கார வைத்தார்கள், யார் யார் இருந்தார்கள், எதிராளி எங்கே நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார் என்பதை விவரமாக எழுதி மேலதிகாரிக்கு அனுப்புங்கள். ஆறு மாதம் கழித்து ‘அன்னைக்கு மிரட்டினாங்க’ என்று சொன்னால் நீதிபதி முதலில் கேட்பது ‘அப்போது ஏன் சொல்லவில்லை’ என்பதுதான்.

சி.சி.டி.வி.யும் இங்கே கைகொடுக்கும். 2020 டிசம்பர் 2-ல் பரம்வீர் சிங் சைனி வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒவ்வொரு காவல் நிலையத்திலும் வாசல், தாழ்வாரம், லாக்கப், ஆய்வாளர் அறை உட்பட கேமரா இருக்க வேண்டும் என்றது. காட்சிகளை 18 மாதம், அதற்கான வசதி கிடைக்காவிட்டால் குறைந்தது ஒரு வருடம் வைத்திருக்க வேண்டும் என்றது. இந்தத் தேதியில் இந்த நேரத்தில் பதிவான காட்சியைப் பாதுகாத்து வையுங்கள் என்று உங்கள் கடிதத்திலேயே கேட்டுவிடுங்கள்.

‘துன்புறுத்தக் கூடாது’ மனு என்கிறார்களே, அது என்ன?

பி.என்.எஸ்.எஸ். 528-வது பிரிவின்கீழ், பழைய 482, உயர் நீதிமன்றத்துக்கு உள்ளார்ந்த அதிகாரம் இருக்கிறது. சட்ட நடைமுறை தவறாகப் பயன்படுத்தப்படுவதைத் தடுக்கவும் நீதியைக் காக்கவும் அது எந்த உத்தரவையும் போடலாம். அந்தப் பிரிவில், ‘விசாரணை என்ற பெயரில் என்னைத் துன்புறுத்த வேண்டாம் என்று காவல் ஆய்வாளருக்கு உத்தரவிட வேண்டும்’ என்று கேட்பதுதான் இந்த மனு. வழக்கறிஞர்கள் ‘நாட் டு ஹராஸ்’ என்பார்கள். எண் கொடுக்கும்போது ‘கிரிமினல் ஓ.பி. (எம்.டி.)’ என்று வரும், எம்.டி. என்பது மதுரைக் கிளையைக் குறிக்கும்.

ஆய்வாளர் ஒரு எதிர்மனுதாரர். மனு கொடுத்த எதிராளியையும் சேர்ப்பதுண்டு. மனு பட்டியலுக்கு வந்ததும் அரசுத் தரப்பு வழக்கறிஞர் அந்த நிலையத்திடம் விவரம் கேட்டுச் சொல்வார். எஃப்.ஐ.ஆர். இருக்கிறதா, சி.எஸ்.ஆர். மட்டுமா, எதற்காக அழைத்தார்கள் என்பதெல்லாம் அப்போது கோர்ட் முன் பதிவாகும். பல வழக்குகளில் இந்த ஒரு கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டி வந்ததுமே போன் வருவது நின்றுவிடும். மனுவின் பாதிப் பலன் அதிலேயே கிடைத்துவிடுகிறது என்பது என் எண்ணம்.

எந்தக் கோர்ட்டுக்குப் போகணும்? மதுரை மாவட்டக் கோர்ட்டிலேயே கேட்க முடியாதா?

528 உயர் நீதிமன்றத்துக்கு மட்டுமே உள்ள அதிகாரம். 2004 ஜூலை 24-ல் திறக்கப்பட்ட மதுரைக் கிளை, மாட்டுத்தாவணியைத் தாண்டி ஒத்தக்கடைக்கு முன்னால் மேலூர் சாலையில் உலகனேரியில் இருக்கிறது. மதுரை, திண்டுக்கல், தேனி, விருதுநகர், சிவகங்கை, ராமநாதபுரம், தூத்துக்குடி, திருநெல்வேலி, தென்காசி, கன்னியாகுமரி, திருச்சி, தஞ்சாவூர், புதுக்கோட்டை, கரூர் மாவட்டத்துக் காவல் நிலையங்கள் பற்றிய மனு இங்கே வரும். கிளை வருவதற்கு முன்னால் நாகர்கோவிலில் இருப்பவர் ராத்திரி ரயில் ஏறிச் சென்னை போக வேண்டியிருந்தது. நீங்கள் மதுரையில் குடியிருந்து உங்களை அழைப்பது கோயம்புத்தூர் நிலையம் என்றால் சென்னையில்தான் மனு.

மே மாதக் கோடை விடுமுறையில் விடுமுறை அமர்வு குறிப்பிட்ட நாட்களில் மட்டும் நடக்கும். அவசரம் என்றால் அதிலும் மனு எடுப்பார்கள்.

மனு போட என்னென்ன கொண்டு போகணும்?

முதலில் தேதி வாரியாக ஒரு தாளில் நடந்ததை எழுதுங்கள். எத்தனை பெரிய ஆதாரம் இருந்தாலும் இந்தத் தாள் இல்லாமல் மனு சரியாக வராது. எந்த நாள் யார் கூப்பிட்டார்கள், போனீர்களா, எவ்வளவு நேரம் இருந்தீர்கள், என்ன சொன்னார்கள் என்று அடுத்தடுத்து இருக்க வேண்டும். அதோடு போன் அழைப்புப் பட்டியலின் ஸ்கிரீன்ஷாட், அனுப்பிய கடிதங்களின் நகல், அஞ்சல் ரசீது, சி.எஸ்.ஆர். எண் தெரிந்தால் அது, ஆதார் நகல். தகராறு சிவில் தன்மை உடையது என்று காட்டும் காகிதம் மிக முக்கியம்: கிரய ஒப்பந்தம், பட்டா, வாடகை ஒப்பந்தம், ஏற்கெனவே போட்ட சிவில் வழக்கின் எண், எதிராளி அனுப்பிய வக்கீல் நோட்டீஸ். வக்காலத்தில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தால் ஒவ்வொரு வாய்தாவுக்கும் நீங்கள் நேரில் வர வேண்டியதில்லை.

ஒன்றைக் கண்டிப்பாகச் சொல்கிறேன். எஃப்.ஐ.ஆர். இருப்பது தெரிந்தும் மறைத்து, ‘மனு விசாரணைதான்’ என்று எழுதச் சொல்லாதீர்கள். அரசு வழக்கறிஞர் முதல் நாளே அதைச் சொல்லிவிடுவார். மனு தள்ளுபடி ஆவதோடு அடுத்து போடும் முன்ஜாமீன் மனுவிலும் உங்கள் பேச்சுக்கு மதிப்பு இருக்காது.

உத்தரவில் என்ன இருக்கும்? அதுக்கப்புறம் போலீஸ் என்னைக் கூப்பிடவே கூடாதா?

இதில்தான் பலரும் ஏமாந்து போகிறார்கள். கோர்ட் உத்தரவு விசாரணைக்குத் தடை போடாது. புகாரை விசாரிப்பது போலீசின் சட்டப்படியான கடமை. அதை நிறுத்தச் சொல்லிக் கேட்டாலும் இந்த மனுவில் கிடைக்காது.

சென்னை உயர் நீதிமன்றம் இத்தகைய மனுக்களில் போட்டு வரும் உத்தரவுகளின் சாரம் நான்கு விஷயங்கள். புகாரில் பெயர் உள்ளவரையோ சாட்சியையோ அழைப்பதென்றால் தேதியும் நேரமும் குறிப்பிட்டு எழுத்துமூலம் சம்மன் கொடுக்க வேண்டும். விசாரணையில் நடந்ததை நிலையத்தின் பொது நாட்குறிப்பில் பதிய வேண்டும். அழைக்கப்பட்டவரைத் துன்புறுத்தக் கூடாது. முதல்கட்ட விசாரணைக்கும் எஃப்.ஐ.ஆர். பதிவுக்கும் லலிதா குமாரி தீர்ப்பின் நெறிமுறைகளைக் கடைப்பிடிக்க வேண்டும்.

பார்ப்பதற்கு இவை சாதாரணமாகத் தெரியும். ‘இதுக்கா இவ்வளவு செலவு?’ என்று ஒரு பெரியவர் கேட்டால் அவர் மேல் குற்றம் சொல்ல மாட்டேன். ஆனால் வாய்மொழியாக நடந்துகொண்டிருந்த ஒரு விஷயம் எழுத்துக்குள் வந்துவிடுகிறது. எத்தனை மணிக்கு வரச் சொன்னார்கள் என்பது தாளில் இருக்கும். எவ்வளவு நேரம் வைத்திருந்தார்கள், என்ன கேட்டார்கள் என்பது நாட்குறிப்பில் இருக்க வேண்டும். ‘பணத்தை வச்சிட்டுப் போ’ என்று எந்தச் சம்மனிலும் எழுத முடியாது. எழுத முடியாததைச் செய்யவும் தயங்குவார்கள் என்பதுதான் இந்த உத்தரவின் பலம்.

சம்மன் வந்தால் அந்தத் தேதிக்குக் கட்டாயம் போங்கள். உத்தரவு கையில் இருக்கிறது என்று போகாமல் இருந்தால் அதன் பயனை நீங்களே கெடுத்துக்கொள்கிறீர்கள்.

கோர்ட்டுக்குப் போனா கோபத்துல பொய் கேஸ் போட்டுருவாங்களே?

எல்லாரும் கேட்பது, பாதிப் பேர் மனு போடாமல் திரும்பிப் போகக் காரணமும் இதுதான். இந்தப் பயம் ஆதாரமில்லாதது என்று சொல்ல மாட்டேன். நம் பக்கத்து ஊர்களிலேயே என்ன நடந்தது என்று எல்லாரும் பார்த்தோம். 2020 ஜூனில் சாத்தான்குளத்தில் கைதான தந்தையும் மகனும் உயிரோடு திரும்பவில்லை. 2025 ஜூனில் நம் திருப்புவனத்தை ஒட்டிய மடப்புரத்தில், காரில் வைத்த நகை காணவில்லை என்ற புகாருக்காகக் கோயில் காவலாளியான இளைஞரைத் தனிப்படையினர் விசாரித்தார்கள். அடுத்த நாள் அவர் இறந்தார். இரண்டையும் மதுரைக் கிளைதான் கையில் எடுத்து விசாரிக்க வைத்தது. இரண்டு வழக்கும் சி.பி.ஐ.க்குப் போயின.

நான் சொல்வது இதுதான்: இந்த இரண்டிலும் கெட்டது நடந்தபின் கோர்ட் வந்தது. உங்கள் பிரச்சினை கோர்ட்டின் பார்வைக்கு முன்னாலேயே வந்துவிட்டால், பிறகு திடீரென்று ஒரு வழக்குப் பதிவானாலும் அதன் தேதி பேசும். மனு தாக்கலான பத்தாம் நாள் போட்ட எஃப்.ஐ.ஆரை ரத்து செய்யக் கேட்கும்போது அந்த வரிசையே பெரிய வாதம். கோர்ட்டுக்குத் தெரியாத ஆளைத் தொடுவதை விடத் தெரிந்த ஆளைத் தொடுவது கடினம்.

எஃப்.ஐ.ஆர். ஏற்கெனவே போட்டாச்சு. இப்போ?

இந்த மனுவுக்கு அநேகமாக இடமில்லை. கைது பயம் இருந்தால் முன்ஜாமீன். இப்போது அது பி.என்.எஸ்.எஸ். 482. பழைய சட்டத்தின் 482 வேறு, இது வேறு, குழப்பிக்கொள்ள வேண்டாம். செஷன்ஸ் கோர்ட்டிலும் உயர் நீதிமன்றத்திலும் கேட்கலாம். குற்றமே வெளிப்படவில்லை, சிவில் தகராறுதான் என்றால் 528-ல் எஃப்.ஐ.ஆரை ரத்து செய்யக் கேட்கலாம்.

ஏழு வருடம் வரை தண்டனை உள்ள குற்றங்களில் இயந்திரம் போலக் கைது செய்யக் கூடாது, காரணத்தை எழுத வேண்டும் என்று 2014 ஜூலையில் அர்னேஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. மூன்று வருடத்துக்குக் குறைவான தண்டனை உள்ள வழக்கில் 60 வயதைத் தாண்டியவரையோ உடல் தளர்ந்தவரையோ டி.எஸ்.பி. அனுமதி இல்லாமல் கைது செய்யக் கூடாது என்று 35(7) சொல்கிறது. உங்கள் வழக்கறிஞர் மனுவில் இவற்றைச் சேர்த்திருக்கிறாரா என்று பாருங்கள்.

மாப்பிள்ளையைக் கூட்டிட்டுப் போனாங்க. எந்த ஸ்டேஷன்னே சொல்ல மாட்டேங்கிறாங்க.

இதற்கு மேலே சொன்ன மனு போதாது. காத்திருக்கவும் கூடாது. கைது என்றால் காரணத்தைச் சொல்ல வேண்டும், உறவினருக்கோ நண்பருக்கோ தகவல் கொடுக்க வேண்டும், பயண நேரம் போக 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும். கைது இல்லை, ‘விசாரணைக்கு வைத்திருக்கிறோம்’ என்றால் அப்படி ஒரு காவலே சட்டத்தில் கிடையாது.

முதலில் 100-க்கும் மாவட்டக் கட்டுப்பாட்டு அறைக்கும் போன் செய்து கேளுங்கள். கைதானவர்களின் விவரம் அங்கே இருக்க வேண்டும். கண்காணிப்பாளருக்கும் பகுதி மாஜிஸ்திரேட்டுக்கும் மின்னஞ்சலோ தந்தி போன்ற சுருக்கமான கடிதமோ அனுப்புங்கள். எத்தனை மணிக்கு அழைத்துச் சென்றார்கள் என்பது அதில் இருக்கட்டும். உடனே வழக்கறிஞரைப் பிடித்து மதுரைக் கிளையில் ஆட்கொணர்வு மனு போடுங்கள். அவசரம் என்று சொன்னால் அதை முந்தி எடுப்பார்கள்.

உத்தரவு வாங்கினதுக்கு அப்புறமும் போன் வருது.

முதலில் உத்தரவின் நகலை ஆய்வாளருக்கும் மேலதிகாரிக்கும் அனுப்பி ஒப்புகை வாங்கியிருக்க வேண்டும். உத்தரவு அவர்களுக்குத் தெரியும் என்று காட்டினால்தான் அவமதிப்பு வரும். அதன் பிறகும் மீறினால் நீதிமன்ற அவமதிப்பு மனு. மீறல் நடந்த நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் போட வேண்டும். தண்டனை ஆறு மாதம் வரை சிறை, 2,000 ரூபாய் வரை அபராதம். தொகை சின்னது என்று நினைக்க வேண்டாம். ஓர் அதிகாரி நேரில் ஆஜராகி விளக்கம் சொல்ல வேண்டிவருவது சின்ன விஷயம் இல்லை.

மாநில மனித உரிமை ஆணையத்துக்கும் எழுதலாம், சம்பவம் நடந்த ஒரு வருடத்துக்குள். ஆணையம் இழப்பீட்டுக்கும் நடவடிக்கைக்கும் பரிந்துரைக்கும். ஆனால் இன்றைய தொந்தரவை இன்றே நிறுத்த அதை நம்பி இருக்க வேண்டாம்.

வீட்டு ஓனர் போலீசை வச்சுக் காலி பண்ணச் சொல்றார்.

2019 பிப்ரவரி 22 முதல் தமிழ்நாட்டில் நடைமுறையில் உள்ள வாடகைச் சட்டப்படி காலி செய்ய உத்தரவிட வேண்டியது வாடகை நீதிமன்றம். சாமானைத் தூக்கி வெளியே போட ஓனருக்கும் உரிமை இல்லை, போலீசுக்கும் இல்லை. வாடகையை வங்கி வழியாகக் கட்டிச் சான்று வைத்துக்கொள்ளுங்கள். வாடகை பாக்கி இருந்தால் அதைத் தீர்க்கப் பாருங்கள். பாக்கியோடு பாதுகாப்பு கேட்பவர் சொல்லுக்கு வலு குறைவு.

வீட்டை எதிர்த்துக் கல்யாணம் பண்ணிக்கிட்டோம். பொண்ணு காணோம்னு புகார் கொடுத்துட்டாங்க.

இருவரும் மேஜர் என்றால் இதில் போலீஸ் பஞ்சாயத்து பேச எதுவும் இல்லை. பெண் தன் விருப்பத்தை மாஜிஸ்திரேட் முன்னாலோ உயர் நீதிமன்றத்திலோ சொன்னால் போதும். இங்கே ஆபத்து உறவுக்காரர்களிடமிருந்தும் வரும் என்பதால் துன்புறுத்தக் கூடாது என்று மட்டும் கேட்காமல் பாதுகாப்பும் கேட்க வேண்டும். 2018 மார்ச் 27-ல் சக்தி வாஹினி வழக்கில் உச்ச நீதிமன்றம் இத்தகைய தம்பதியர்க்காக மாவட்டம்தோறும் சிறப்புப் பிரிவும் பாதுகாப்பான தங்குமிடமும் வேண்டும் என்றது. வயதுச் சான்றும் திருமணச் சான்றும் கையில் இருக்கட்டும். ‘பெண்ணைப் பெற்றோரிடம் ஒப்படைக்கிறோம், ஸ்டேஷனுக்கு வாங்க’ என்று யார் அழைத்தாலும் வழக்கறிஞர் இல்லாமல் போகாதீர்கள். இதை மட்டும் கெஞ்சிக் கேட்டுக்கொள்கிறேன்.

கந்துவட்டிக்காரரே போலீஸ்ல மனு கொடுத்திருக்கார்.

2003-ன் கந்துவட்டித் தடைச் சட்டப்படி அப்படி வட்டி வாங்குவதே குற்றம், மூன்று வருடம் வரை சிறை. கொடுத்த வட்டிக்குக் கணக்கு எழுதி வைத்து நீங்களும் புகார் கொடுங்கள். வெற்றுப் பத்திரமும் வெற்றுக் காசோலையும் அவரிடம் இருந்தால் அதை முதல் கடிதத்திலேயே குறிப்பிடுங்கள்.

நான்தான் உண்மையிலேயே ஏமாந்தவன். எதிராளி இந்த உத்தரவை வாங்கிட்டு வந்துட்டார். என் புகார் அவ்வளவுதானா?

இல்லை. உங்கள் புகாரை விசாரிக்க எந்தத் தடையும் இல்லை. குற்றம் நடந்திருந்தால் எஃப்.ஐ.ஆர். கேளுங்கள், நிலையத்தில் மறுத்தால் கண்காணிப்பாளருக்கு எழுதுங்கள், அங்கும் நடக்காவிட்டால் மாஜிஸ்திரேட்டிடம் 175(3)-ன்கீழ் மனு போடுங்கள். வெறும் பணம் திரும்ப வர வேண்டும் என்பதுதான் விஷயம் என்றால், நிலையத்துக்கு அலைந்துகொண்டிருக்கும்போதே வசூல் வழக்குக்கான மூன்று வருடம் ஓடிக்கொண்டிருக்கிறது. இப்படிக் காலக்கெடு தாண்டி நியாயமான பணத்தை இழந்தவர்கள் உண்டு.

வக்கீலுக்குக் கொடுக்கப் பணம் இல்லை.

பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதி மற்றும் பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள், தொழிற்சாலைத் தொழிலாளர்கள், காவலில் இருப்பவர்கள் ஆகியோருக்கு வருமான வரம்பே இல்லாமல் இலவச வழக்கறிஞர் கிடைப்பார். மற்றவர்களுக்கு வருமான வரம்பு உண்டு. உயர் நீதிமன்றத்தில் போட வேண்டிய மனுவுக்கு மதுரைக் கிளை வளாகத்தில் உள்ள சட்டப் பணிகள் குழு. மற்றவற்றுக்கு மதுரை மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு. 15100 என்ற எண்ணில் கேட்டாலும் வழி சொல்வார்கள்.

உத்தரவு வாங்கியாச்சு, போனும் நின்னுருச்சு. இனி என்ன செய்யணும்?

தகராறு அப்படியே இருக்கிறது, அதைத் தீருங்கள். எல்லைத் தகராறு என்றால் நில அளவைக்கு விண்ணப்பித்து எல்லையை அளந்து காட்டச் சொல்லுங்கள். அனுபவத்தில் இருந்த இடத்திலிருந்து பலவந்தமாக வெளியேற்றப்பட்டிருந்தால், பட்டா யார் பெயரில் என்ற கேள்விக்கே போகாமல் சுவாதீனத்தைத் திரும்பக் கேட்டு ஆறு மாதத்துக்குள் வழக்குப் போடலாம். அந்த ஆறு மாதத்தை விட்டுவிடாதீர்கள். பாதையை மறித்தால் முன்சீப் கோர்ட்டில் தடையுத்தரவு கேளுங்கள். எதிராளி உங்களுக்கு எதிராகத் தடை வாங்கிவிடுவார் என்று தோன்றினால் உங்களைக் கேட்காமல் உத்தரவு போட வேண்டாம் என்று கோர்ட்டில் முன்கூட்டியே சொல்லும் கேவியட் மனு போட்டு வையுங்கள், 90 நாள் செல்லும்.

கடன் என்றால் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில், வழக்கே போடாமல், சமரசத்துக்கு ஒரு மனு கொடுக்கலாம். செலவில்லை. இரண்டு பேரையும் உட்கார வைத்துப் பேசித் தவணை முடிவு செய்து மக்கள் நீதிமன்றமான லோக் அதாலத்தில் பதிவு செய்தால் அது கோர்ட் தீர்ப்புக்குச் சமம், அதன் மேல் அப்பீல் கிடையாது. காவல் நிலையத்தில் மிரட்டி எழுதி வாங்க நினைத்த அதே தவணைத் தொகையை இங்கே இரண்டு தரப்பும் மனமொப்பிக் கையெழுத்துப் போட்டு முடித்ததைப் பலமுறை பார்த்திருக்கிறேன். முதல் தவணையைத் தேதி தவறாமல் வங்கி வழியாகவே கட்டுங்கள்.